பறவை மாதிரியே இல்லாத பறவை: கொலுசுப் பட்டறையிலிருந்து ஒரு சந்தேகம்

செவ்வாய்ப்பேட்டை மெருகு
ஞாயிறு, இரவு 9.40

எல்லாருக்கும் வணக்கம். வெள்ளி விலை, கூலி இந்த இரண்டைத் தவிர நான் இங்கே எதையும் எழுதியதில்லை. சிலை பற்றிக் கேட்பது இதுதான் முதல் தடவை. சிரிக்காமல் படியுங்கள்.

எங்களுக்குக் கொலுசுக்கு மெருகு போடுகிற வேலை. அப்பா காலத்தில் பூந்திக்கொட்டைத் தண்ணீரும் பித்தளைப் பிரஷும். என் காலத்தில் மோட்டாரும் துணிச் சக்கரமும். அக்கா பையன் பன்னிரண்டாவது முடித்துவிட்டு, கும்பகோணம் கவின்கலைக் கல்லூரியில் சிற்பம் படிக்கப் போகிறேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான். அக்கா சாப்பிடாமல் படுத்துக்கொள்கிறாள். மச்சான் அவனோடு பேசி இரண்டு வாரம் ஆகிறது. "நீ சொன்னால்தான் கேட்பான்" என்று விஷயத்தை என் தலையில் கட்டிவிட்டார்கள்.

கூப்பிட்டு உட்கார வைத்தேன். "அப்படி என்னடா சிற்பம்?" என்றேன். செல்போனில் ஒரு படம் காட்டினான். வெண்கலத்தில் நெட்டுக்குத்தலாக ஒரு சாமான். கீழே ஒல்லி, நடுவில் கொஞ்சம் பருமன், உச்சியில் சாய்வாகச் சீவினது மாதிரி ஒரு வெட்டு. இறக்கை கிடையாது, அலகு கிடையாது, கால் கிடையாது. "இது என்ன, ஃபேன் இறக்கையா?" என்றேன். "பறவை மாமா. வான்வெளியில் பறக்கும் பறவை. பிராங்குசி செய்தது" என்கிறான்.

திட்டத்தான் வாயெடுத்தேன். படத்தைப் பெரிதாக்கியதும் வாய் மூடிக்கொண்டது. அந்த மெருகு! கொலுசு மாதிரி சின்னச் சாமானில் மேடு பள்ளம் கண்ணுக்குத் தெரியாது. பெரிய சாமானில் தப்பிக்க முடியாது. சக்கரம் ஒரு விநாடி கூடுதலாக நின்றால் அங்கே ஒரு குழி விழும், வெளிச்சம் அங்கே வந்து நெளியும். இதில் வெளிச்சக்கோடு அடியிலிருந்து உச்சி வரை ஒரு இடத்திலும் உடையவில்லை. மோட்டாரில் போட்ட மெருகு இல்லை அது. என் தொழிலில் இருக்கிறவனுக்கு அது தெரியும்.

அதனால் மூன்று கேள்வி. யார் இந்த ஆள்? இதில் சோறு உண்டா? பறவை எங்கே இருக்கிறது?

தட்டுவடை செட்
ஞாயிறு, இரவு 9.52

நானும் படம் தேடிப் பார்த்தேன் அண்ணா. எனக்கு முற்றின வெண்டைக்காய்தான் தெரிகிறது. நல்ல மெருகு போட்ட வெண்டைக்காய்.

குகை டிராயிங் மாஸ்டர்
ஞாயிறு, இரவு 11.05

தம்பி, முப்பது வருடம் டிராயிங் எடுத்துவிட்டு ஓய்வில் இருக்கிறேன். தூக்கம் வராதவனுக்கு நல்ல கேள்வி கொடுத்தீர்கள்.

கான்ஸ்டன்டின் பிராங்குசி ருமேனியா நாட்டுக்காரர். அவர் ஊர்ப்பக்கம் பேரைப் பிரன்குஷ் என்பார்களாம்; நாம் பிராங்குசி என்றே வைத்துக்கொள்வோம். 1876-ல் ஹோபித்சா என்ற மலையடிவாரக் கிராமத்தில் ஏழை வீட்டில் பிறந்தார். சின்ன வயதில் ஆடு மேய்த்தார். வீட்டை விட்டு ஓடி, கிராயோவா என்ற ஊரில் கடைகளில் எடுபிடி வேலை. பலகைப் பெட்டியைப் பிரித்து ஒரு வயலின் செய்தாராம், அதைப் பார்த்தவர்கள்தான் பையனைத் தொழிற்பள்ளியில் சேர்த்துவிட்டார்கள். அதற்கப்புறம் புக்கரெஸ்ட் கலைப்பள்ளி. அங்கிருந்து பெரும்பகுதி நடையாகவே கிளம்பி 1904-ல் பாரிஸ் போய்ச் சேர்ந்தார். அங்கே உணவகத்தில் பாத்திரம் கழுவியிருக்கிறார். உங்கள் அக்காவிடம் இந்தப் பகுதியை மட்டும் சொல்லாதீர்கள்.

1907-ல் ரோடின் பட்டறையில் இடம் கிடைத்தது. ரோடின் என்றால் அன்றைக்கு ஐரோப்பாவிலேயே பெரிய சிற்பி. அவரிடம் வேலை கிடைத்தால் வாழ்நாளுக்கும் கவலையில்லை. நம் ஆள் ஓரிரு மாதத்தில் வெளியே வந்துவிட்டார். பெரிய மரத்தடியில் எதுவும் வளராது என்பது அவர் சொன்ன காரணம். அந்த வருடம், அடுத்த வருடத்திலேயே 'முத்தம்' செய்தார். ஒரே கல், இரண்டு பேர் கட்டிப்பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். ஆனால் கல் இன்னும் கல்லாகவே சதுரமாக நிற்கிறது. மூஞ்சி, விரல் எல்லாம் நாலு கோடுதான். களிமண்ணில் உருவம் பிடித்து வேறு ஆட்களை வைத்துக் கல்லில் எடுக்கிற வழக்கம் ஓங்கியிருந்த காலத்தில், நேராகக் கல்லிலேயே கையை வைத்தார்.

பறவை ஒரே நாளில் வந்ததல்ல. 1910 வாக்கில் 'மையாஸ்த்ரா' என்று ஒன்று செய்தார். அது அவர்கள் ஊர்க் கதைகளில் வருகிற மாயப்பறவை. அதற்குக் கழுத்து உண்டு, வயிறு உண்டு, திறந்த அலகு உண்டு. வருடாவருடம் ஒவ்வொன்றாகக் கழற்றிக்கொண்டே வந்தார். 1923-ல் நீங்கள் பார்த்த வடிவம் பிறந்தது. அதையும் விடவில்லை, பளிங்கிலும் வெண்கலத்திலுமாக இருபது வருடத்தில் ஏறத்தாழ பதினாறு தடவை திரும்பத் திரும்பச் செய்தார். ஒவ்வொன்றும் அளவில், வளைவில் ஒரு மயிரிழை வித்தியாசம்.

பறவை எங்கே என்று கேட்டீர்கள். பறவையைச் செய்ய அவர் நினைக்கவில்லை, பறத்தலைச் செய்ய நினைத்தார். அவ்வளவுதான்.

மேட்டூர்க்காரன்
திங்கள், காலை 6.30

மாஸ்டர் சார், மன்னிக்கணும். இதெல்லாம் வரையத் தெரியாதவன் சொல்கிற சாக்கு. பக்கத்தில் தாரமங்கலம் கைலாசநாதர் கோயிலுக்குப் போய்ப் பாருங்கள். சிங்கத்தின் வாய்க்குள் கல் உருண்டை, விரலை விட்டு உருட்டலாம், வெளியே எடுக்க முடியாது. கல்லிலேயே சங்கிலி. வாலி நிற்கிற இடத்திலிருந்து ராமன் தெரியமாட்டான், ராமனிடமிருந்து வாலி தெரிவான். அதுதான் சிற்பம். நம்மிடம் இவ்வளவு இருக்க, வெண்டைக்காய்க்கு ஏன் வெள்ளைக்காரன் பின்னால் ஓட வேண்டும்? பையனைப் பாலிடெக்னிக்கில் சேருங்கள்.

குகை டிராயிங் மாஸ்டர்
திங்கள், காலை 8.15

வரையத் தெரியாதவர் என்பதை மட்டும் ஏற்க மாட்டேன். மாணவராக இருந்தபோதே, ஒரு உடற்கூறு மருத்துவரோடு சேர்ந்து, தோலுரித்த மனித உடல் ஒன்று செய்தார். தசை, நரம்பு எல்லாம் அச்சு அசலாக. மருத்துவ மாணவர்களுக்குப் பாடம் நடத்தவே அதை வைத்துக்கொண்டார்கள். எல்லாம் தெரிந்தபிறகுதான் கழற்ற ஆரம்பித்தார்.

அப்புறம் தாரமங்கலம். மூலவரைப் பார்த்தீர்களா? அந்தச் சங்கிலி, சிங்கம், ராமன் எல்லாவற்றையும் கடந்து உள்ளே போனால் கருவறையில் இருப்பது என்ன? கண்ணில்லை, கையில்லை. உருவமும் இல்லை அருவமும் இல்லை, அருவுருவம் என்று சைவர்கள் அதற்குப் பேரே வைத்திருக்கிறார்கள். வெளியே மண்டபத்தில் கைவித்தை, உள்ளே ஒரு வழவழப்பான கல். இதற்கு மட்டும் கன்னத்தில் போட்டுக்கொள்வோம்.

மேட்டூர்க்காரன்
திங்கள், காலை 8.40

சாமியை இழுக்காதீர்கள் சார். அது வேறு கணக்கு. லிங்கத்தை யாரும் கண்காட்சியில் வைத்து விலை போடவில்லை.

சேர்வராயன் காபி
திங்கள், மதியம் 2.10

மேட்டூர் அண்ணா சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் எங்கள் தோட்டத்துக்குப் போகிற வழியில், சவுக்கு மாதிரி உயர்ந்த சில்வர் ஓக் மரத்தடியில் ஏழு கன்னிமார் இருக்கிறார்கள். ஏழு கல், அவ்வளவுதான். சிற்பி யாரும் கிடையாது. ஓடையில் பொறுக்கின கற்கள். மாமியார் காலத்திலிருந்து எண்ணெய் தேய்த்து, மஞ்சள் பூசி, கழுவி, மறுபடி எண்ணெய் தேய்த்து, உச்சிப்பகுதி மட்டும் கறுப்பாகக் கண்ணாடி மாதிரி ஆகிவிட்டது. மழை நேரத்தில் அதில் மரக்கிளை தெரியும். ஏழும் ஏழு மாதிரி. ஒருத்தி மட்டும் கொஞ்சம் முன்னால் சாய்ந்திருப்பாள், அவள்தான் கோபக்காரி என்று குழந்தைகளுக்குக் கூடச் சொல்லித்தரத் தேவையில்லை. மெருகு அண்ணாவின் பறவையைப் பார்த்ததும் எனக்கு அவள் ஞாபகம்தான் வந்தது.

இன்னொன்று. இந்தப் பறவைகளுக்கு நம் நாட்டோடு ஒரு உறவு உண்டு. இந்தூர் மகாராஜா யஷ்வந்த் ராவ் ஹோல்கர் 1930-களில் மூன்று பறவைகளை வாங்கினார்: ஒன்று வெண்கலம், ஒன்று கறுப்புப் பளிங்கு, ஒன்று வெள்ளைப் பளிங்கு. அவற்றை வைக்க ஒரு தியானக் கோயில் கட்டித் தரும்படி பிராங்குசியிடமே கேட்டார். நடுவில் தண்ணீர், சுற்றிலும் பறவைகள், ஒருவர் தனியாக உட்கார்ந்து யோசிக்கிற இடம். அதற்காக 1937 கடைசி, 1938 தொடக்கத்தில் பிராங்குசி இந்தூருக்கே வந்தார். கோயில் கட்டப்படவேயில்லை. கறுப்பும் வெள்ளையும் இன்று ஆஸ்திரேலியாவில் கான்பெராவின் தேசியக் கலைக்கூடத்தில் இருக்கின்றன, வெண்கலம் அமெரிக்காவுக்குப் போய்விட்டது. கட்டியிருந்தால் ரயிலேறிப் போய்ப் பார்த்திருக்கலாம் என்று நினைக்கும்போதெல்லாம் வயிறு எரியும்.

தட்டுவடை செட்
திங்கள், மதியம் 2.31

அக்கா, வெண்டைக்காய் கருத்தை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன். கன்னிமார் மேல் பயம்.

கஞ்சமலை வெல்டர்
திங்கள், இரவு 8.00

மூன்றாவது கேள்விக்குப் பதில் வந்துவிட்டது, 'சோறு உண்டா' என்பதற்கு யாரும் பதில் சொல்லவில்லையே. நான் சொல்கிறேன்.

நான் கேட், கைப்பிடி செய்கிறவன். ஸ்டெயின்லெஸ் ஸ்டீல். ஸ்டீல் பிளாண்ட் ஊரில் பிறந்துவிட்டு வேறென்ன செய்வது. மூன்று வருடம் முன்னால் மலைமேல் ஒரு விடுதிக்கு வாசலில் வைக்க 'ஏதாவது வித்தியாசமாக' கேட்டார்கள். இரண்டு மில்லிமீட்டர் தகட்டில் மூங்கில் குருத்து வளைகிற மாதிரி, ஏழடி உயரத்தில் ஒன்று செய்தேன். வெல்டு போட்ட இடத்தில் நீலம் பாயும். அதை எடுத்து, தடத்தைத் தேய்த்து மறைக்க வெல்டிங்கைவிட நாலு மடங்கு நேரம் பிடித்தது. வண்டியில் ஏற்றிக் கொண்டுபோனால் வழியில் நிறுத்தினார்கள். பில்லைப் பார்த்துவிட்டு ஒரு அதிகாரி, "கேட்டா? கேட் மாதிரி இல்லையே. குழாயா? குழாயும் இல்லை. அப்போ ஸ்கிராப்" என்றார். ஸ்கிராப் என்றால் வேறு வரி, வேறு கேள்வி. "கலைப்பொருள் சார்" என்று சொல்ல வெட்கமாக இருந்தது. சொல்லவே இல்லை. ரெண்டு மணி நேரம் வெயிலில் நின்று, கடைசியில் 'அலங்காரக் கம்பி வேலை' என்று எழுதிக்கொடுத்துப் போனேன். விடுதிக்காரர் பேசின தொகையில் பாதிதான் கொடுத்தார். இன்றைக்கும் அங்கே நிற்கிறது. எல்லாரும் அதன் முன் செல்ஃபி எடுக்கிறார்கள்.

சோறு உண்டு. கேட் செய்தால் உண்டு.

அஸ்தம்பட்டி குமாஸ்தா
திங்கள், இரவு 10.20

வெல்டர் அண்ணே, உங்களுக்கு நடந்தது அப்படியே பிராங்குசிக்கு நடந்திருக்கிறது. இதே பறவைக்கு. நான் வக்கீல் ஆபீஸில் இருப்பவன், எனக்கு இந்தச் சிற்பியைத் தெரிந்ததே இந்த வழக்கால்தான்.

1926-ல் நியூயார்க்கில் கண்காட்சிக்காகப் பாரிஸிலிருந்து கப்பலில் சிற்பங்கள் போயின. கூடவே மார்செல் துஷாம்ப் என்ற பிரெஞ்சு ஓவியர் போனார். அமெரிக்காவில் கலைப்பொருளுக்குச் சுங்க வரி கிடையாது. பெட்டியைத் திறந்து பார்த்த அதிகாரிகளுக்குப் பறவை தெரியவில்லை. 'சமையலறைப் பாத்திரம், மருத்துவமனைச் சாமான்' என்கிற பட்டியலில் போட்டு 40 சதவீதம் வரி கட்டச் சொன்னார்கள். அந்தப் பறவை புகைப்படக்காரர் எட்வர்ட் ஸ்டைகன் வாங்கியது. வரியைக் கட்டிவிட்டு வழக்குப் போட்டார்கள். வழக்கின் பேர் 'பிராங்குசி எதிர் அமெரிக்க அரசு'.

1927 அக்டோபரில் விசாரணை. அன்றைய சட்டப்படி சிற்பம் என்றால் இயற்கையில் உள்ள ஒன்றை அதன் அளவோடு அப்படியே செதுக்கியோ வார்த்தோ இருக்க வேண்டும். முன்தீர்ப்பும் அப்படித்தான். சாட்சிக் கூண்டில் ஸ்டைகனைக் கேட்கிறார்கள்: காட்டில் இதைப் பார்த்தால் பறவை என்று சுடுவீர்களா? இல்லை என்கிறார். பின்னே எதற்குப் பறவை என்கிறீர்கள்? அதைப் பார்த்தால் பறவையின் உணர்வு வருகிறது என்கிறார். நம் ஊர்க் குறுக்கு விசாரணையைத் தினம் கேட்கிறவன் சொல்கிறேன், அந்த இடத்தில் சாட்சி தடுமாறியிருந்தால் வழக்கு போயிருக்கும்.

அடுத்த சாட்சி சிற்பி ஜேக்கப் எப்ஸ்டீன். பழங்கால எகிப்தியக் கல் பருந்து ஒன்றைக் கையோடு கொண்டுவந்து காட்டினார். இதிலும் இறகு இல்லை, கால் தெரியவில்லை, ஆனால் பருந்து என்கிறோமே என்று. அரசு வக்கீல் விடவில்லை. நல்ல மெக்கானிக் ஒருவன் அரமும் மெருகுச் சாமானும் வைத்துக்கொண்டு இதைச் செய்துவிட முடியாதா என்று கேட்டார். எப்ஸ்டீன் சொன்ன பதிலின் சாரம்: மெக்கானிக் மெருகு போட்டுவிடுவான், ஆனால் இந்த வடிவத்தை மனசில் உருவாக்க அவனால் முடியாது, அதுதான் வித்தியாசம்.

1928 நவம்பரில் தீர்ப்பு. பறவையோடு தொடர்புபடுத்துவது கொஞ்சம் சிரமம்தான், ஆனாலும் பார்க்க அழகாக இருக்கிறது, தொழில்முறைச் சிற்பி செய்த அசல் படைப்பு, புதிய வகைக் கலை ஒன்று வந்திருப்பதை நீதிமன்றம் கவனிக்காமல் இருக்க முடியாது. வரி இல்லை.

செவ்வாய்ப்பேட்டை மெருகு
திங்கள், இரவு 11.48

குமாஸ்தா சார், வழக்கு நல்லா இருந்தது. ஆனால் அந்த ஒரு பதில் எனக்குச் சுருக்கென்று தைத்துவிட்டது. "மெக்கானிக் மெருகு போட்டுவிடுவான்." அவ்வளவு சுலபமா? அந்த எப்ஸ்டீன் ஐயா என்றைக்காவது மெருகு போட்டிருக்கிறாரா?

மெருகு என்றால் கடைசியில் பூசுகிற பவுடர் என்று நினைக்கிறார்கள். மெருகு போடும்போது உலோகம் போகிறது. போகிற இடத்தில் வடிவம் மாறுகிறது. கொலுசில் முத்தின் மேல் சக்கரத்தைக் கொஞ்சம் அழுத்தினால் உருண்டை சப்பையாகிவிடும். விளிம்பு உள்ள சாமானில் விளிம்பைச் சக்கரம் தின்றுவிடும். எங்கே நிறுத்துவது என்று கண்ணுக்குத் தெரியாது, கைக்குத்தான் தெரியும். வடிவம் தெரியாதவன் மெருகு போட முடியாது. இதை எந்தக் கோர்ட்டில் போய்ச் சொல்வது?

தம்மம்பட்டி உளி
செவ்வாய், காலை 7.05

அண்ணா சொல்வது நூற்றுக்கு நூறு. மர வேலையிலும் அப்படித்தான். உளி வேலை முடிந்ததும் உப்புத்தாள் போடச் சின்னப் பையனைக் கூப்பிடுவார்கள், அவன் மூக்கு நுனியைத் தேய்த்து வைத்துவிடுவான். அப்புறம் சாமியின் முகமே வேறு.

பிராங்குசி மரத்திலும் நிறையச் செய்திருக்கிறார் என்பதை யாரும் சொல்லவில்லை. முடிவில்லாத் தூண் என்று பேர்பெற்றதை முதலில் 1918-ல் ஓக் மரத்தில்தான் செதுக்கினார். அவர் ஊர் வீட்டுத் திண்ணைத் தூண்களின் செதுக்கு வேலைதான் அதற்குள் இருக்கிறது என்பார்கள். படம் பார்த்தபோது எனக்கு எங்கள் பக்கத்துப் பழைய வீட்டுத் தூண் மாதிரிதான் பட்டது. நாங்கள் வாகையில் தசாவதாரம் செதுக்கி விற்கிறோம். ஒருநாள் வெறும் தூணை மட்டும் செதுக்கி நிறுத்திப் பார்க்க ஆசை. யார் வாங்குவார்கள் என்ற கேள்வியில் ஆசை நின்றுவிடுகிறது.

அஸ்தம்பட்டி குமாஸ்தா
செவ்வாய், மதியம் 1.15

மெருகு அண்ணா, கோபம் நியாயம். ஆனால் நேற்று ஒரு முக்கியமான விஷயத்தை விட்டுவிட்டேன். பிராங்குசியின் வாக்குமூலத்தைப் பாரிஸிலேயே பதிவு செய்து அனுப்பினார்கள். அதில் அவர் சொல்கிறார்: அச்சில் வார்த்து வந்த வெண்கலத்தில் துளைகளை அடைத்து, குறைகளைச் சரிசெய்து, அரத்தாலும் மிக மெல்லிய எமரி என்கிற தேய்ப்புத் தூளாலும் நானே என் கையால் மெருகிட்டேன், ரொம்ப நாள் பிடித்தது, இந்த வேலையை வேறு யாரையும் தொட விடவில்லை. வழக்கில் அதுவும் கணக்கில் வந்தது. ஆக, 'மெக்கானிக்கின் வேலை' என்று அரசு வக்கீல் எதைச் சொன்னாரோ, அதைத்தான் சிற்பி தன் வேலை என்று சத்தியம் பண்ணிச் சொன்னார்.

செவ்வாய்ப்பேட்டை மெருகு
செவ்வாய், மதியம் 1.22

இதை முதலிலேயே சொல்லியிருந்தால் நேற்று ராத்திரி நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.

ஆக அவர் எங்கள் ஆள்.

மேட்டூர்க்காரன்
செவ்வாய், இரவு 7.30

உங்கள் ஆளாகவே இருக்கட்டும். முடிவில்லாத் தூண் என்கிறார்களே, அது என்ன? ஒரே கட்டையை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் தூணா?

குகை டிராயிங் மாஸ்டர்
செவ்வாய், இரவு 9.50

அடுக்கித்தான் பாருங்களேன் என்று சொல்லத் தோன்றுகிறது. சரி, சொல்கிறேன்.

முதல் உலகப் போரில், 1916-ல், ருமேனியாவின் தர்கு ஜியு ஊரைக் காக்கப் போராடி இறந்தவர்களுக்கு நினைவுச்சின்னம் வேண்டும் என்று அந்தப் பகுதிப் பெண்கள் சங்கம் கேட்டது. பிராங்குசியின் சொந்த ஊர்ப் பக்கம்தான் அது. பணம் வாங்கவில்லை என்பார்கள். ஊரின் ஒரு கோடியில் ஆற்றோரம் ஒரு வட்டக் கல் மேசை, சுற்றிலும் பன்னிரண்டு முக்காலி. அதற்கு மௌன மேசை என்று பேர். பூங்கா வாசலில் முத்த வாயில். அங்கிருந்து நேர்கோட்டில் ஊரைக் கடந்து போனால் மறுகோடியில் தூண். 1938 அக்டோபரில் திறந்தார்கள். குதிரைமேல் வீரன் இல்லை, துப்பாக்கி இல்லை, பேர்ப்பட்டியல் இல்லை.

தூணின் உயரம் ஏறத்தாழ 29.3 மீட்டர். வார்ப்பிரும்பில் ஒரே மாதிரி மணிகள், ஒவ்வொன்றும் 1.8 மீட்டர் உயரம், இடுப்பில் 90 சென்டிமீட்டர், கழுத்தில் 45. ஒன்று, இரண்டு, நாலு என்ற கணக்கு. உள்ளே ஒரு எஃகு முதுகெலும்பு. அதில் மணிகளை மேலிருந்து ஒவ்வொன்றாகக் கோத்து இறக்கினார்கள். மேலே பித்தளைப் பூச்சு. சூட்சுமம் இதில் இருக்கிறது: பதினைந்து முழு மணி, அடியிலும் உச்சியிலும் அரைகுறை. கீழே பாதியில் தொடங்குகிறது, மேலே பாதியில் நிற்கிறது. முழு மணியோடு முடித்திருந்தால் அது வெறும் கம்பம். அரைகுறையாக விட்டதால் கண் மிச்சத்தை ஆகாயத்தில் தேடுகிறது. இறந்தவர்களின் நினைவுக்கு இதைவிடப் பொருத்தமாக எனக்கு ஒன்று தோன்றவில்லை.

1950-களில் அங்கே ஆட்சிக்காரர்களுக்கு இந்த மாதிரிச் சிற்பம் ஆகவில்லை. தூணைச் சங்கிலி கட்டி இழுத்துச் சாய்க்கப் பார்த்து முடியவில்லை என்று அந்த ஊரில் கதை சொல்வார்கள். தன் பட்டறையை அப்படியே தாய்நாட்டுக்குத் தருகிறேன் என்றபோது அதையும் வேண்டாம் என்றார்கள். அவர் 1952-ல் பிரெஞ்சுக் குடிமகனாகி, பட்டறையைப் பிரான்ஸுக்கு எழுதிவைத்தார். 1957-ல் பாரிஸில் காலமானார். அந்தப் பட்டறை 1997-ல் பாரிஸில் பாம்பிடு கலை மையத்தின் வாசலில், பொருள்கள் அவர் வைத்த இடத்திலேயே இருக்கிறபடி திரும்பக் கட்டப்பட்டது. தர்கு ஜியு தொகுப்பு 2024-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. கூட்டம் நடந்தது எங்கே தெரியுமா? டெல்லியில்.

செவ்வாய்ப்பேட்டை மெருகு
செவ்வாய், இரவு 10.02

கம்பியில் மணி கோக்கிற வேலை! மாஸ்டர், அது பெரிய கொலுசு சார்.

கஞ்சமலை வெல்டர்
செவ்வாய், இரவு 10.10

சிகாகோவில் அனிஷ் கபூர் என்ற சிற்பி 168 ஸ்டெயின்லெஸ் தகடுகளை வெல்டு பண்ணி, ஒரு தையல்கூடத் தெரியாமல் தேய்த்து, ஏறத்தாழ நூறு டன்னில் ஒரு மேகம் வைத்திருக்கிறார். பையனிடம் அதையும் காட்டுங்கள். அங்கே மெருகு போட்டவர்களின் கூலி என்னவென்று யாருக்காவது தெரிந்தால் தனி மெசேஜில் சொல்லவும்.

மேட்டூர்க்காரன்
புதன், காலை 6.45

அரைகுறையாக விட்ட விஷயம் எனக்குப் பிடித்திருக்கிறது. பறவை இன்னும் பிடிக்கவில்லை. பாலிடெக்னிக் யோசனையை வாபஸ் வாங்கவில்லை.

செவ்வாய்ப்பேட்டை மெருகு
ஞாயிறு, இரவு 10.15 (நாலு வாரம் கழித்து)

இழையைத் திரும்பத் தூக்குவதற்கு மன்னிக்கவும். நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

பேசிப் பிரயோஜனம் இல்லை, செய்து பார்ப்போம் என்று பையனிடம் சொன்னேன். பழைய சாமான் கடையில் ஒன்றரை அங்குலப் பித்தளை ராடு, ஒரு அடி நீளம் கிடைத்தது. லேத் வைத்திருக்கிற தெரிந்தவர் ஒருவர் இரண்டு பக்கமும் கூம்பாகக் கடைந்து கொடுத்தார். அதற்கு மேல் எல்லாம் அரம்தான். முதல் ஞாயிறு அவன் அரம் போட்டான். கை கொப்புளம். இரண்டாவது ஞாயிறு நான் பெரிய மனுஷன் மாதிரி, "கொடுடா, அஞ்சு நிமிஷ வேலை" என்று சக்கரத்தில் வைத்தேன். பளபளவென்று வந்தது. டியூப்லைட்டுக்கு அடியில் பிடித்துப் பார்த்தால் வெளிச்சம் பாம்பு மாதிரி நெளிகிறது. உச்சியில் அந்தச் சாய்வு வெட்டின் விளிம்பு காணவே காணோம், சோப்புக்கட்டி மாதிரி மழுங்கிவிட்டது. இருபத்தியாறு வருட அனுபவம் இருபது விநாடியில் போச்சு. பையன் ஒன்றும் சொல்லவில்லை. அதுதான் இன்னும் கஷ்டம்.

மறுபடியும் அரத்திலிருந்து தொடங்கினோம். மூங்கில் பத்தையில் உப்புத்தாளை ஒட்டி, தண்ணீர் தொட்டு, நீளவாக்கில் மட்டும். 220, 400, 800, 1500. ஒவ்வொரு நம்பர் மாற்றும்போதும் போன நம்பரின் கீறல் முழுக்கப் போய்விட்டதா என்று வெயிலில் பார்க்க வேண்டும். கண்ணை மூடிக்கொண்டு கட்டைவிரலை மேலிருந்து கீழே ஓட்டினால் கண்ணுக்குத் தெரியாத பள்ளம் விரலுக்குத் தெரிகிறது. அவனுக்கு அது மூன்றாவது வாரம் பிடிபட்டது. "இங்கே மாமா" என்று ஒரு இடத்தைக் காட்டினான். எனக்குத் தெரியவில்லை. லைட்டில் பிடித்தால் அங்கே கோடு மயிரிழை உடைந்திருந்தது.

நேற்று முடிந்தது. பிராங்குசியின் பறவைக்கு இது கிட்டேகூட நிற்காது, வளைவு நடுவில் கொஞ்சம் கனமாகிவிட்டது. ஆனால் ஜன்னல் ஓரத்தில் நிறுத்தி வைத்திருக்கிறேன். சாயங்காலம் தெருவில் வண்டி போனால் அதன் வெளிச்சம் அடியில் புள்ளியாகத் தொடங்கி, நடுவில் அகன்று, உச்சியில் கூர்ந்து, காணாமல் போகிறது. மச்சான் வந்தார். பேசாமல் ரொம்ப நேரம் நின்று பார்த்தார். "இதுக்கு என்ன கூலி போடுவே?" என்று கேட்டார், பையனைப் பார்த்து. ஒன்றரை மாதத்தில் அவனிடம் அவர் பேசிய முதல் வார்த்தை. அவன் என்னைப் பார்த்தான். எனக்கும் தெரியவில்லை. கும்பகோணம் விண்ணப்பம் பூர்த்தி செய்தாகிவிட்டது. அக்கா இன்னும் சம்மதம் சொல்லவில்லை, ஆனால் சாப்பிடுகிறாள்.

சேர்வராயன் காபி
ஞாயிறு, இரவு 10.40

அண்ணா, படிக்கும்போதே கண் கலங்கிவிட்டது. பையனை ஒருநாள் மலைக்கு அழைத்து வாருங்கள். கன்னிமாரைக் காட்டுகிறேன். தொட்டுப் பார்க்கலாம், குளித்துவிட்டு வரச் சொல்லுங்கள்.

தட்டுவடை செட்
ஞாயிறு, இரவு 10.44

எடை என்ன அண்ணா?

செவ்வாய்ப்பேட்டை மெருகு
ஞாயிறு, இரவு 10.51

ராடு வாங்கும்போது மூன்று கிலோவுக்குக் கொஞ்சம் குறைவு. இப்போது ஒரு கிலோ எண்ணூறு. எந்த நகைக்கடையும் இவ்வளவு சேதாரம் போட்டிருக்காது. பார்க்க வருகிறவர்கள் சாயங்காலம் ஆறு மணிக்கு வாங்க, வெளிச்சம் அப்போதுதான் சரியாக விழும். செவ்வாய்க்கிழமை மட்டும் வேண்டாம், எங்கள் பக்கம் கரண்ட் ஷட்டவுன்.